காஞ்சித் திணையில் ஒரு விளையாட்டு

வரிசையாக வெளிவரும் படைப்புகளில் ஏதாவது ஒன்று மட்டும் முன்னதன் ஜாடையும் இல்லாமல், பின்னதன் ஜாடையும் இல்லாமல் தனியாக நிற்பதுண்டு. அதைப் பற்றிப் பேச்சு வந்தால், "அதுவா? அது ஒரு மாதிரி" என்று சொல்லிவிட்டு ரசிகர்கள் அடுத்ததற்குப் போய்விடுவார்கள். 'ஃபார் க்ரை' என்ற துப்பாக்கி விளையாட்டு வரிசையில், 2008 அக்டோபரில் வெளிவந்த இரண்டாம் பாகத்துக்கு இந்தக் கதிதான் நேர்ந்தது. அந்த வரிசையிலேயே மிகவும் சிரத்தையுடன் யோசித்துச் செய்யப்பட்டது அதுதான் என்பது என் கட்சி. அதை இங்கே கொஞ்சம் விஸ்தாரமாக வாதிட உத்தேசம்.

நாவல் படிக்கிறவர்களிடம் வந்து கம்ப்யூட்டர் விளையாட்டைப் பற்றிப் பேசுவானேன் என்று கேட்கலாம். கதை எந்த வீட்டுக்குக் குடிபோனாலும் அங்கே போய்ப் பார்த்துவிட்டு வருவது கதை எழுதுகிறவனின் வேலை. கூத்திலிருந்து நாடகத்துக்கும் நாடகத்திலிருந்து சினிமாவுக்கும் போன கதை, இன்று இந்தத் திரைக்கும் வந்திருக்கிறது. சேலத்திலும் நாமக்கல்லிலும் நம் வீட்டுப் பிள்ளைகள் இரவு ஒரு மணி வரை அதன் முன்னால்தான் உட்கார்ந்திருக்கிறார்கள். 2020 செப்டம்பரில் மத்திய அரசு 'பப்ஜி' விளையாட்டைத் தடை செய்தபோது வீட்டுக்கு வீடு ஒரு விவாதம் நடந்தது: இவை பிள்ளைகளைக் கெடுக்குமா, கெடுக்காதா? நாவல் படித்தால் பெண்கள் கெட்டுப்போவார்களா என்று ஒரு தலைமுறை கேட்டுக்கொண்டிருந்ததைப் போன்ற கேள்வி அது. எந்த நாவல் என்று சொன்னால்தான் மேற்கொண்டு பேச முடியும். விளையாட்டுக்கும் அதுதான் நியாயம்.

பழக்கமில்லாதவர்களுக்காக ஒரு வார்த்தை. இந்த ஜாதி விளையாட்டில் நம் உருவம் நமக்குத் தெரியாது. கண்ணுக்கு முன்னால் இரண்டு கைகளும் ஒரு துப்பாக்கியும் மட்டும் தெரியும். நடப்பது, பார்ப்பது, சுடுவது எல்லாம் நாமே. கதாநாயகன் செய்வதைப் பார்த்துக்கொண்டிருக்கும் சௌகரியம் இங்கே கிடையாது.

'ஃபார் க்ரை' முதல் பாகம் 2004-ல் வந்தது. கிரைடெக் என்ற ஜெர்மன் நிறுவனம் செய்தது. ஒரு வெப்பமண்டலத் தீவு, அங்கே ஒரு விஞ்ஞானி உருவாக்கிய விகார மிருகங்கள், அவற்றைச் சுட்டுத் தப்பும் ஓர் ஆசாமி; விட்டலாச்சாரியா படத்துக்கு மேல்நாட்டுச் சட்டை போட்ட மாதிரி இருக்கும். அதை வெளியிட்ட யூபிசாஃப்ட் நிறுவனம் இரண்டாம் பாகத்தைக் கனடாவில் மான்ட்ரியல் நகரத்தில் இருந்த தன் கூடத்திலேயே தயாரித்தது. பொறுப்பேற்றவர் கிளின்ட் ஹாக்கிங். அவர் பெயரை மட்டும் வைத்துக்கொண்டு, ஊர், ஆள், மிருகம் எல்லாவற்றையும் தூக்கிப் போட்டுவிட்டார். மூன்றாம் பாகம் 2012-லும், நான்காவது 2014-லும், ஐந்தாவது 2018-லும், ஆறாவது 2021-லும் வந்தன. மூன்றாவது பாகம்தான் பிறகு வந்தவற்றுக்கு அச்சு. அதை மெச்சுகிறவர்கள் இரண்டாம் பாகத்தை, அதற்கு முன்னால் சரியாக வராத ஒரு முயற்சி என்றே கணக்கு வைக்கிறார்கள்.

இரண்டாம் பாகத்தின் கதை இது. ஆப்பிரிக்காவில் பெயர் சொல்லப்படாத ஒரு நாடு. அரசாங்கம் விழுந்துவிட்டது. இரண்டு கட்சிகள் சண்டை போடுகின்றன. ஒன்று விடுதலையையும் தொழிலாளரையும் பெயரில் வைத்திருக்கிறது. மற்றது மக்கள் எதிர்ப்பைப் பெயரில் வைத்திருக்கிறது. பெயரைத் தவிர இரண்டுக்கும் வித்தியாசம் கண்டுபிடிப்பது கஷ்டம். இரண்டு பேருக்கும் ஆயுதம் விற்றவன் ஒருவன். அவனுக்குக் குள்ளநரி என்று பட்டப்பெயர். அவனைக் கொல்லக் கூலிக்கு வந்தவர்கள் நாம். ஒன்பது கூலிப்படையாட்களில் ஒருவராக நாம் இருக்கலாம். அவர்களில் மொரிஷியஸிலிருந்து வந்த ஒரு சிங்கும் உண்டு.

ஒரு டாக்ஸியில் ஊருக்குள் வருகிறோம். ஓட்டுகிறவன் பேசிக்கொண்டே வருகிறான். வழியெல்லாம் ஜனங்கள் மூட்டை முடிச்சுடன் எதிர்த்திசையில் போகிறார்கள். ஊர் வந்து சேர்வதற்குள் மலேரியாக் காய்ச்சலில் விழுந்துவிடுகிறோம். கண் விழிக்கும்போது ஒரு ஹோட்டல் அறைக் கட்டிலில் கிடக்கிறோம். பக்கத்தில் நின்று நம் காகிதங்களைப் படித்துக்கொண்டிருக்கிறான் ஒருவன். நாம் கொல்ல வந்த குள்ளநரியேதான்! நீட்ஷேயின் தத்துவத்தைக் கொஞ்சம் பேசிவிட்டு, நம்மை உயிரோடு விட்டுவிட்டுப் போகிறான். கொல்ல வந்தவனை எழுந்து உட்காரக்கூடச் சக்தியில்லாதவனாகக் காட்டி ஒரு வீரகதை ஆரம்பிப்பது சாமான்யமான துணிச்சல் அல்ல.

துப்பாக்கிக் கதை நம் பக்கத்துக்குப் புதிதல்ல. சேலம் ஏற்காடு சாலையில் இருந்த மாடர்ன் தியேட்டர்ஸிலிருந்து ஜெய்சங்கரின் 'வல்லவன் ஒருவன்' 1966-லும், 'சி.ஐ.டி. சங்கர்' 1970-லும் வந்தன. அந்த ரகப் படங்களைக் கொட்டகையில் பார்த்து வளர்ந்த ஊர் இது. அந்த ரகத்தில் ஓர் எழுதாத சட்டம் உண்டு. கதாநாயகனின் துப்பாக்கி சமயத்தில் கைவிடாது. அவன் கார் நடுவழியில் நிற்காது. அவனுக்கு ஜுரம் வராது. கம்ப்யூட்டர் விளையாட்டுகளும் பெரும்பாலும் இந்தச் சட்டத்துக்குக் கட்டுப்பட்டவைதாம். ஹாக்கிங் ஒவ்வொன்றாக இதை மீறினார்.

இந்த விளையாட்டில் துப்பாக்கி துருப்பிடிக்கும். செத்தவன் கையிலிருந்து எடுத்த துப்பாக்கியானால் சண்டை நடுவில் தோட்டா சிக்கிக்கொள்ளும். அதைத் தட்டி, இழுத்து எடுப்பதற்குள் எதிரி நெருங்கிவிடுவான். இன்னும் பழசானால் கையிலேயே வெடித்துவிடும். ஜீப் சூடேறிப் புகை கக்கி நிற்கும். இறங்கிப் பானெட்டைத் திறந்து, ஸ்பானரால் முடுக்க வேண்டும். (ஒவ்வொரு தடவையும் அதே ஒரே நட்டுத்தான்! சங்ககிரி லாரிப் பட்டறையில் வேலை செய்யும் பையன் பார்த்தால் சிரிப்பான்.) குண்டு பட்டால் இடுக்கியால் பிடுங்கி எடுக்க வேண்டும். வழி தெரிய வேண்டுமானால் காகிதப் படத்தைக் கையில் விரித்துப் பார்க்க வேண்டும்; நாம் படம் பார்க்கிறோம் என்று உலகம் காத்திருக்காது. எல்லாவற்றுக்கும் மேலாக, மலேரியா. திடீரென்று கண் மஞ்சளித்துத் தலை சுற்றும். மாத்திரை வேண்டும். மாத்திரை யாரிடம் இருக்கிறது? ஒளிந்து வாழும் சாதாரண ஜனங்களிடம். அவர்கள் நாட்டை விட்டுப் போக அனுமதிக் காகிதம் கொண்டுபோய்க் கொடுத்தால், அவர்கள் மாத்திரை கொடுப்பார்கள். அவர்களுக்கு நாம் உபகாரம் செய்கிறோம்; ஆனால் நம் ஜுரத்துக்காகச் செய்கிறோம். அந்த உபகாரத்தின் லட்சணம் என்ன என்று யோசிக்க வைத்துவிட்டு விளையாட்டு மேலே போகிறது.

இனி, எல்லோரும் ஒருமுகமாகச் சொல்லும் பெரிய குற்றச்சாட்டுக்கு வருகிறேன். அந்த நாட்டில் சாலைச் சந்திப்புக்குச் சந்திப்பு ஒரு செக்போஸ்ட். ஆளைக் கண்டதும் சுடுவார்கள். எந்தக் கட்சிக்கு நாம் வேலை செய்கிறோமோ அந்தக் கட்சி ஆட்களும் சுடுவார்கள். நம் வேலை ரகசியமாம். சிரமப்பட்டு அத்தனை பேரையும் ஒழித்துவிட்டுக் கொஞ்ச தூரம் போய்விட்டுத் திரும்பினால், அதே செக்போஸ்டில் மறுபடியும் ஆட்கள். மறுபடியும் சண்டை. விளையாடினவர்கள் கைவிட்டதற்குச் சொல்லும் முதல் காரணம் இதுதான். "எதைச் செய்தாலும் பிரயோஜனம் இல்லை" என்பது அவர்கள் புகார்.

எனக்குத் தோன்றுவது, இந்தப் புகார் விளையாட்டின் சாரத்தையே சரியாகச் சொல்லிவிடுகிறது என்பது. இரண்டு கட்சிக்கும் ஆயுதம் தாராளமாகக் கிடைக்கும் நாட்டில், ஒரு முக்கில் ஆறு பேரைக் கொன்றால் அந்த முக்கு அமைதியாகிவிடுமா? வேறு ஆறு பேர் வருவார்கள். செத்தவர்களின் துப்பாக்கி இருக்கிறது; சம்பளம் கொடுக்க வைரம் இருக்கிறது. நாமே புதுத் துப்பாக்கிக்கு ஆசைப்பட்டு, ஓர் ஆயுத வியாபாரிக்காக அவன் போட்டியாளனின் வண்டி வரிசையைத் தகர்க்கிறோம். அவன் கடையில் புதுச் சரக்கு இறங்குகிறது. அந்தச் செக்போஸ்ட் நிரம்பிக்கொண்டே இருப்பதற்கு நாமும் ஒரு காரணம். கதை இதை வசனமாகச் சொல்லியிருந்தால் நாம் தலையாட்டிவிட்டு மறந்திருப்போம். அதே சாலையில் பத்தாவது தடவையாகச் சண்டை போட்டு அலுத்துப்போகும்போது, அந்த அலுப்பு நெஞ்சில் தங்கிவிடுகிறது.

மூன்றாம் பாகத்தில் இந்தக் குறையை நிவர்த்தி செய்தார்கள். அங்கே ஒரு முகாமைப் பிடித்தால் பிடித்ததுதான். நம் பக்கத்து ஆட்கள் வந்து குடியேறுவார்கள். தேசப்படத்தில் அந்த இடம் நம்முடையதாகிவிடும். விளையாட சுகமாகத்தான் இருக்கிறது. ஜனங்களுக்குப் பிடித்துப்போனதில் ஆச்சரியமில்லை. ஆனால் அந்தச் சுகத்தோடு கூடவே ஒரு பொய்யும் வந்து உட்கார்ந்துகொண்டது. போதுமான பேரைச் சுட்டால் ஊர் சரியாகிவிடும் என்ற பொய். பதினெட்டு வயதுப் பையன் ஒருவன் இந்த இரண்டில் எதைக் கற்றுக்கொள்கிறான் என்பது அற்ப விஷயம் அல்ல.

தொல்காப்பியர் புறத்திணையை ஏழாக வகுத்தார். அதில் வாகை வெற்றிக்கு உரியது. காஞ்சி நிலையாமைக்கு உரியது. போரைப் பாடும் இலக்கணத்துக்குள்ளேயே, போரினால் ஒன்றும் நிலைப்பதில்லை என்று பாடவும் ஓர் இடம் ஒதுக்கிவைத்த மரபு நம்முடையது. ஜெயங்கொண்டாரின் பரணியில் போர்க்களத்தில் பேய்கள் கூழ் சமைக்கின்றன. அத்தனை கோரமும் கடைசியில் அரசனின் வெற்றிக்குத் தோரணமாகிவிடுகிறது. துப்பாக்கி விளையாட்டுகளில் நூற்றுக்குத் தொண்ணூற்றொன்பது இந்த மாதிரி வாகைதான். காஞ்சி பாட முயன்றவை மிகச் சில. 'ஃபார் க்ரை' இரண்டாம் பாகம் அந்தச் சிலவற்றில் ஒன்று. வாகையை எதிர்பார்த்து வந்தவர்களுக்கு அது ருசிக்காமல் போனதில் அதிசயம் என்ன?

ஹாக்கிங் தற்செயலாக இதைச் செய்துவிடவில்லை. 2007-ல், அதாவது இந்த விளையாட்டு வெளிவருவதற்கு ஓராண்டு முன்னால், 'பயோஷாக்' என்ற வேறொரு விளையாட்டைப் பற்றி அவர் ஒரு விமர்சனம் எழுதினார். அதில் கதை ஒன்று சொல்கிறது, விளையாடும் முறை வேறொன்று சொல்கிறது என்பது அவருடைய குறை. கதை, பிறருக்கு உதவு என்கிறது. விளையாட்டின் விதிகள், உன் லாபத்தைப் பார் என்கின்றன. இந்த முரண்பாட்டுக்கு அவர் வைத்த நீண்ட ஆங்கிலப் பெயர் பிறகு அந்தத் துறை விமர்சகர்களிடையே நிலைத்துவிட்டது. நாவலாசிரியர்களுக்குத் தெரிந்த நோய்தான் இது. ஏழைகளுக்காகக் கண்ணீர் விடும் கதையை எழுதுகிறோம். பங்களாவையும் பட்டுப்புடவையையும் வர்ணிக்கும்போதுதான் பேனா துள்ளுகிறது. பிறர் படைப்பில் கண்ட குறையைத் தன் படைப்பில் நீக்கிக் காட்ட வேண்டும் என்று ஒருவர் உட்கார்ந்தால் என்ன கிடைக்கும் என்பதற்கு இந்த இரண்டாம் பாகம் உதாரணம். கதை, வன்முறை பயனற்றது என்கிறது. கையும் அதையே சொல்கிறது.

இன்னொரு சிறப்பு, சிநேகிதர்கள். நம்மைப் போலவே கூலிக்கு வந்த சிலர் நமக்குத் தோழர்களாகிறார்கள். நாம் குண்டடிபட்டு விழுந்தால் ஓடிவந்து தூக்கி இழுத்துப்போய் உயிர் கொடுப்பார்கள். அவர்களும் விழுவார்கள். அப்போது அவர்கள் தலையை மடியில் தாங்கி மார்ஃபியா ஊசி போட வேண்டும். சில சமயம் ஒரு ஊசி போதாது, இன்னொன்று கேட்பார்கள், கையில் இருப்பதையெல்லாம் போட்டாலும் பிழைக்க மாட்டார்கள். விட்டுவிட்டுப் போகலாம், அல்லது துப்பாக்கியால் முடித்துவைக்கலாம். செத்தால் செத்ததுதான், திரும்பி வரமாட்டார்கள். ஒரு நாவலில் ஒரு பாத்திரம் சாகும்போது நான் ஆசிரியனைத் திட்டலாம். இங்கே பட்டனை அழுத்தியது என் விரல். ஆஸ்திரேலிய விமர்சகர் ஒருவர், தம் பாத்திரம் ஒரு தடவை செத்தால் அதோடு விளையாட்டை நிறுத்திவிடுவது என்று சங்கற்பம் செய்துகொண்டு இதை விளையாடி, அந்த அனுபவத்தைப் புத்தக நீளத்துக்கு எழுதிவைத்தார். அப்படி எழுதத் தூண்டுகிற சரக்கு இதில் இருந்தது.

இவ்வளவும் சொன்ன பிறகு, உண்மையான குறையையும் சொல்ல வேண்டும். வேலைகள் ஒன்றைப்போலவே ஒன்று இருக்கின்றன. பேசுகிறவர்கள் ரயிலுக்கு நேரமாகிவிட்டதைப் போல மூச்சுவிடாமல் பேசித் தீர்க்கிறார்கள். இவையெல்லாம் சில்லறை. பெரிய குறை வேறு. ரசிகர்களின் புகார்ப் பட்டியலில் முன்னால் நிற்க வேண்டிய அது, செக்போஸ்டுக்குப் பின்னால் போய்விட்டது. அதை எனக்கு எடுத்துக்காட்டியவர் விமர்சகர் அல்ல.

திருச்செங்கோட்டு வட்டாரத்தில் போர்வெல் தொழில் எப்படி என்று இந்தப் பக்கத்தாருக்குச் சொல்ல வேண்டியதில்லை. அந்த ரிக் வண்டிகள் இந்தியாவின் எல்லா மாநிலங்களிலும் தண்ணீருக்குப் பூமியைத் துளைத்துக்கொண்டிருக்கின்றன. கப்பலேறி ஆப்பிரிக்க நாடுகளுக்கும் போயிருக்கின்றன. வண்டியோடு ஆட்களும் போகிறார்கள். அப்படிப் போய் நாலைந்து வருஷம் இருந்துவிட்டு வந்த ஒருவர், நான் இதை விளையாடிக்கொண்டிருந்தபோது பக்கத்தில் உட்கார்ந்து அரை மணி நேரம் பார்த்தார். செம்மண் சாலை, முள்மரம், காய்ந்த புல், தகரக் கொட்டகை, காற்று அடிக்கும் திசையில் பரவும் தீ எல்லாவற்றையும் பார்த்துத் தலையாட்டினார்.

"மண்ணு சரியாத்தானுங்க இருக்குது. சனம் எங்கீங்க?" என்றார்.

"சண்டைக்குப் பயந்து போய்விட்டார்கள்" என்றேன்.

"அப்படி எல்லாருமா போயிருவாங்க? கெழவி ஒருத்தியாச்சும் நாலு தக்காளிய வெச்சுக்கிட்டு ரோட்டோரம் உக்காந்திருப்பாளுங்களே! நாங்க போர் போட்டுத் தண்ணி வந்துதுன்னா, எங்கிருந்துதான் வருமோ, ஊரே வந்து சுத்தி நிக்குமுங்க."

ஐம்பது சதுர கிலோமீட்டர் பரப்புக்கு நிலத்தை உருவாக்கினார்கள். வரிக்குதிரையும் மானும் எருமையும் மேய்கின்றன. ஒளிவிடங்களிலும் மாதாகோவிலிலும் ஒடுங்கியிருக்கும் சிலரைத் தவிர, நடமாடுகிறவன் எவனும் துப்பாக்கிக்காரன். சமைக்கிறவள், பள்ளிக்கூடம் போகிறவன், ஆடு மேய்க்கிறவன் ஒருவரும் இல்லை. 1975-ல் நைஜீரிய நாவலாசிரியர் சினுவா அச்சிபி அமெரிக்காவில் ஒரு சொற்பொழிவு செய்தார். ஜோசப் கான்ராடின் ஆப்பிரிக்கக் கதை, ஒரு ஐரோப்பியனின் மனச்சிதைவுக்கு ஆப்பிரிக்காவை வெறும் மேடையாக்கிவிட்டது, அங்கே வாழ்ந்த மனிதர்களை மனிதர்களாகப் பார்க்கவில்லை என்பது அவருடைய வழக்கு. ஹாக்கிங்கின் கதையிலும் கான்ராடின் சாயல் தூக்கலாகத் தெரிகிறது: நாட்டின் உட்புறத்தில் எங்கோ இருக்கும் ஒருவன், அவனைத் தேடிப் போகிறவன், போகப் போகத் தேடுகிறவனே தேடப்படுகிறவனாக மாறுவது. கான்ராடிடம் இருந்த குருட்டுப் பகுதியும் கூடவே வந்துவிட்டது. வழியில் நிராதரவாகச் சாகக்கூடிய ஜனங்களை வைத்தால், விளையாடுகிறவன் அவர்களையும் சுடுவானே என்ற பயமும் இருந்திருக்கலாம். அந்தப் பயம் நியாயமானதே. ஆனால் யாருக்காக அமைதி வேண்டுமோ அவர்கள் கண்ணில் படாதபோது, யுத்தத்தின் நஷ்டத்தில் பாதி கணக்கில் ஏறாமல் போய்விடுகிறது.

முடிவு இந்தக் குறையைக் கொஞ்சம் ஈடு செய்கிறது. முடிவைச் சொல்வது சம்பிரதாயம் இல்லை என்றாலும், பதினைந்து ஆண்டுகளுக்கு மேலாகிவிட்ட படைப்புக்கு அந்தத் தயக்கம் வேண்டாம். ஒரு பெட்டி வைரத்துக்காக, உயிர் கொடுத்த தோழர்களே நம் மேல் பாய்கிறார்கள். அவர்களையும் கொன்றுவிட்டு வந்தால், குள்ளநரி காத்திருக்கிறான். ஆயிரக்கணக்கான அகதிகள் எல்லையைக் கடக்க வேண்டும். ஒருவன் வைரத்தைக் கொண்டுபோய் எல்லைக் காவலர்களுக்கு லஞ்சம் கொடுக்க வேண்டும். மற்றவன் பின்னால் வரும் படைகளின் பாதையை வெடிவைத்து மூட வேண்டும். வெடிவைக்கிறவன் அங்கேயே சாவான். வைரம் கொண்டுபோகிறவன் வேலை முடிந்ததும் தன்னைத்தானே சுட்டுக்கொள்ள வேண்டும். துப்பாக்கியால் பிழைத்த ஒருவரும் மிஞ்சக் கூடாது என்பது அவனுடைய நிபந்தனை. எந்த வழியைத் தேர்ந்தெடுத்தாலும் நமக்குச் சாவு. ஜனங்கள் எல்லை தாண்டிவிடுகிறார்கள். நமக்கு ஜயகோஷம் கிடையாது, சிலை கிடையாது, நம் பெயரைச் சொல்ல ஒருவனும் இல்லை.

இருபது முப்பது மணி நேரம் ஒருவனை வீரனாக நடமாடவிட்டு, கடைசியில் நீ இல்லாமல் இருப்பதுதான் இந்த நாட்டுக்கு நீ செய்யக்கூடிய ஒரே நன்மை என்று சொல்வதற்கு எத்தனை தைரியம் வேண்டும்! பெரிய முதலீட்டில், லாபத்துக்காக, லட்சக்கணக்கானவர்களுக்காகத் தயாராகும் சரக்கில் இந்த முடிவு எப்படித் தப்பிவந்தது என்பதே எனக்கு வியப்பு. அடுத்தடுத்த பாகங்களில் இத்தனை கடுமை வரவில்லை. மிருகத்தோலை உரித்துப் பை தைப்பதும், கோபுரம் ஏறித் தேசப்படத்தைத் திறப்பதும், வாய்ஜாலம் மிகுந்த வில்லன்களும் வந்தார்கள். எல்லாம் ரசமானவைதாம். இரண்டாம் பாகம் போட்டுவிட்டுப் போன கேள்வியை மட்டும் அவர்கள் எடுத்துக்கொள்ளவில்லை.

வீட்டில் பையன் துப்பாக்கி விளையாட்டே கதியென்று கிடக்கிறான் என்று என்னிடம் வருத்தப்படுகிற பெற்றோர் உண்டு. கம்ப்யூட்டரைப் பூட்டிவைக்கும்படி நான் சொல்வதில்லை. வயது வந்த பிள்ளையானால், இதைக் கொடுத்துப் பாருங்கள் என்கிறேன். துப்பாக்கி சிக்கிக்கொள்ளட்டும், ஜுரம் வரட்டும், பிடித்த செக்போஸ்ட் மறுபடி நிரம்பட்டும். அவன் சலித்துப்போய், "என்னப்பா இது, எத்தனை பேரைச் சுட்டாலும் தீரவில்லையே!" என்று சொல்லும் நாளில் பக்கத்தில் உட்கார்ந்து பேச்சை ஆரம்பியுங்கள். அந்தத் திருச்செங்கோட்டுக்காரர் கேட்ட கேள்வியையும் மறக்காமல் அவனிடம் கேளுங்கள்.